சட்டை போட்ட டைனோசரும் பச்சை வரி டைனோசரும்

கேள்வி: என் மகளுக்கு ஐந்து வயது. ஒரு வருடமாக டைனோசர் புத்தகம் தவிர வேறு எதையும் தொட மாட்டேன் என்கிறாள். வீட்டில் இருக்கும் புத்தகங்களில் பாதி கதைகள். டைனோசர்கள் சட்டை போட்டுக்கொண்டு பள்ளிக்குப் போகின்றன. மீதியில் பெயர், நீளம், எடை என்று தகவலாக இருக்கிறது. கதைப் புத்தகங்கள் தவறான அறிவியலை மனதில் பதித்துவிடும், இனி தகவல் புத்தகம் மட்டும் வாங்கலாம் என்கிறார் என் கணவர். எதை வாங்குவது? எப்படித் தேர்ந்தெடுப்பது?

பதில்:

இரண்டையும் வாங்குங்கள். உங்கள் கணவரின் கவலையில் நியாயம் இருக்கிறது, ஆனால் அவர் சந்தேகப்பட வேண்டியது வேறு புத்தகங்களை. சட்டை போட்ட டைனோசரைப் பார்த்து ஐந்து வயதுப் பிள்ளை ஏமாறுவதில்லை. காக்கையும் நரியும் பேசிக்கொள்ளும் கதையைக் கேட்டுவிட்டு, ஜன்னலில் வந்து உட்காரும் காக்கை பதில் சொல்லும் என்று எந்தக் குழந்தையும் காத்திருப்பதில்லை. கதை என்றால் என்ன என்பது அவர்களுக்கு நன்றாகவே தெரியும். ஏமாற்றுவது, தகவல் புத்தகம் போலவே முகத்தை வைத்துக்கொண்டு தப்பாகச் சொல்லும் புத்தகம்தான்.

ஓர் உதாரணம். முதுகில் தகடுகள் கொண்ட ஸ்டெகோசாரஸும் டைரனோசரஸும் சண்டை போடும் படத்தை எத்தனையோ ‘தகவல்’ புத்தகங்களில் பார்த்திருப்பீர்கள். அவை இரண்டும் ஒன்றையொன்று கண்ணால் பார்த்ததே கிடையாது. இதைக் குழந்தைக்குப் புரியவைக்க ஒரு நீளமான காகிதப் பட்டை போதும். 10 லட்சம் ஆண்டுக்கு 1 சென்டிமீட்டர் என்று வைத்துக்கொண்டு, சுமார் 230 சென்டிமீட்டர் நீளத்துக்குப் பழைய காகிதங்களை ஒட்டித் தரையில் விரியுங்கள். ஒரு முனை டைனோசர்கள் தலைகாட்டிய காலம், மறுமுனை இன்று. இன்றைய முனையிலிருந்து 150 சென்டிமீட்டரில் ஸ்டெகோசாரஸை வரையச் சொல்லுங்கள். டைரனோசரஸுக்கு இடம் 67-இல். 66-இல் ஒரு கோடு. பறவைகளைத் தவிர மற்ற டைனோசர்கள் எல்லாம் அங்கே முடிந்துபோயின. மனிதர்களான நாம் கடைசி 3 மில்லிமீட்டருக்குள் இருக்கிறோம். ஸ்டெகோசாரஸை விட நாம்தான் டைரனோசரஸுக்குப் பக்கத்தில் இருக்கிறோம் என்பதை அவள் தவழ்ந்தே அளந்துவிடுவாள். மாமூத்தை, அதாவது பனிக்காலத்துச் சடை யானையை, எங்கே வரைவது என்று கேட்டால், நம்மோடு அந்த 3 மில்லிமீட்டரிலேயே வையுங்கள். அவற்றில் கடைசியாக மிஞ்சியவை ஆர்க்டிக் கடலில் இருக்கும் ராங்கல் தீவில் சுமார் 4,000 ஆண்டுகளுக்கு முன்புவரை இருந்தன. ஆகவே மனிதனும் மாமூத்தும் ஒரே பக்கத்தில் வந்தால் அது சரி. மனிதனும் டைரனோசரஸும் ஒரே பக்கத்தில் வந்தால் அது கதை.

படப்புத்தகங்களுக்கு ஆசிரியராகப் பல ஆண்டுகள் வேலை பார்த்திருக்கிறேன். இந்த விஷயத்தில் எனக்குக் கண் திறந்தது ஒரு வாசிப்பு நேரத்தில். டைரனோசரஸ் வாயைப் பிளந்து நிற்கும் பக்கத்தை விரித்துக் காட்டிக்கொண்டிருந்தேன். ஆறு வயதுப் பையன் ஒருவன் எழுந்து வந்து, அதன் முதுகிலிருந்த பச்சை வரி ஒன்றின் மேல் விரலை வைத்தான். வால்நுனி வரைக்கும் மெதுவாக இழுத்துக்கொண்டே போனான். “இதை யாரு பார்த்து வரைஞ்சாங்க?” என்றான். யாரும் பார்த்ததில்லை என்றேன். “அப்போ பச்சைன்னு எப்படித் தெரியும்?” என்றான். எனக்குப் பதில் வரவில்லை. நாங்கள் ‘உண்மைப் புத்தகம்’ என்று நம்பிக் கொடுத்த அந்தப் பக்கத்தில் எலும்பு சொன்னது பாதி, ஓவியர் சொன்னது பாதி. எது எவ்வளவு என்று அந்தப் பக்கத்தில் ஒரு வார்த்தை இல்லை.

அன்றிலிருந்து எந்தப் புத்தகத்தை எடுத்தாலும் நான் முதலில் கேட்பது இதைத்தான்: எது எலும்பு சொன்னது, எது ஓவியர் சொன்னது? உங்கள் மகளுக்கும் இந்தக் கேள்வியைப் பழக்கிவிட்டால், எந்தப் புத்தகம் கையில் கிடைத்தாலும் நீங்கள் பயப்பட வேண்டியதில்லை.

கற்பனை அறிவியலுக்கு எதிரி என்ற எண்ணத்தையும் வீட்டில் கொஞ்சம் பேசிப் பாருங்கள். 1825-இல் கிடியன் மாண்டெல் என்ற ஆங்கிலேய மருத்துவர் ஒரு விலங்குக்கு இகுவானோடான் என்று பெயர் வைத்தார். முதலில் அவர் கையில் இருந்தவை வெறும் பற்கள். பிறகு கிடைத்த எலும்புகளில் கூம்பு போல ஒன்று இருந்தது. காண்டாமிருகத்துக்கு இருப்பதுபோல மூக்குக் கொம்பாகத்தான் இருக்கும் என்று அதை மூக்கின் மேல் வைத்தார்கள். 1854-இல் லண்டன் கிரிஸ்டல் பேலஸ் பூங்காவுக்காக வாட்டர்ஹவுஸ் ஹாக்கின்ஸ் செய்த பிரம்மாண்டமான சிலைகளிலும் மூக்கில் கொம்பு. பிறகு 1878-இல் பெல்ஜியத்தில் பெர்னிசார் என்ற ஊரின் நிலக்கரிச் சுரங்கத்தில் எலும்புக்கூடுகள் முழுசு முழுசாகக் கிடைத்தன. அப்போதுதான் அது கட்டைவிரலில் இருந்த முள் என்று தெரிந்தது. இதைப் பிள்ளைகளிடம் சொல்லும்போது கட்டைவிரலைத் தூக்கி மூக்கின் மேல் வைத்துக் காட்டுவேன். சிரித்து முடித்ததும், தாங்களும் வைத்துப் பார்த்து, மெல்லக் கையை இறக்குவார்கள். ஊகித்து, பிறகு திருத்திக்கொள்வது என்ன என்பதை அந்த ஒரு அசைவு சொல்லிவிடுகிறது.

அந்தப் பையனின் பச்சைக்கும் பின்னால் ஓரளவு பதில் கிடைத்தது. 1996-இல் சீனாவிலிருந்து சைனோசாரோப்டெரிக்ஸ் என்ற சிறிய டைனோசரின் புதைபடிவம் உலகுக்குத் தெரியவந்தது. உடம்பைச் சுற்றி மெல்லிய இறகு இழைகள். அந்த இழைகளுக்குள் இருந்த நிறமித் துகள்களின் வடிவத்தை நுண்ணோக்கியில் ஆராய்ந்து, வாலில் செம்பழுப்பும் வெள்ளையும் மாறிமாறி வளையங்களாக இருந்தன என்று 2010-இல் சொன்னார்கள். இப்படி நிறம் தெரிந்தவை வெகு சில. மற்றவற்றின் நிறமெல்லாம் இன்னும் ஓவியர் கையில்தான்.

இனி வாங்கும் விஷயம். தகவல் புத்தகமானால் உள்பக்கத்தில் பதிப்பு ஆண்டைப் பாருங்கள். இந்தத் துறையில் முப்பது ஆண்டு என்பது நீண்ட காலம். பிறகு வெலாசிராப்டர் இருக்கும் பக்கத்தைத் தேடுங்கள். அதன் கை எலும்பில் இறகுகள் பொருந்தியிருந்த புடைப்புகளை 2007-இல் கண்டார்கள். இன்னும் வெறும் செதில் தோலோடு இருந்தால் புத்தகம் பழசு. அடுத்து ஓவிராப்டர். 1924-இல் வைத்த அந்தப் பெயருக்கே ‘முட்டைத் திருடன்’ என்று பொருள், ஏனென்றால் அதன் எலும்புகள் ஒரு முட்டைக் கூட்டின் மேல் கிடந்தன. 1993-இல் மங்கோலியாவில் அதே மாதிரி முட்டை ஒன்றுக்குள் கரு கிடைத்தது. பார்த்தால் அது ஓவிராப்டரின் குடும்பத்தைச் சேர்ந்தது. பாவம், தன் இன முட்டைகளோடு இருந்ததற்குத் திருட்டுப் பட்டம். இன்னும் திருட்டுக்கதையையே சொல்லும் புத்தகத்தைக் கீழே வைத்துவிடலாம். பறக்கும் டெரோசார்களையும் கடலில் நீந்திய பிளீசியோசார்களையும் டைனோசர் என்று எழுதியிருந்தாலும் அப்படியே. முதுகில் பாய் விரித்த டைமெட்ரோடானும் டைனோசர் அல்ல. அது டைனோசர்கள் தோன்றுவதற்குச் சுமார் 4 கோடி ஆண்டுகளுக்கு முன்பே மறைந்துபோனது, உறவுமுறையில் நமக்குத்தான் நெருக்கம்.

கதைப் புத்தகத்துக்கு என்னிடம் ஒரே ஒரு சோதனை. அந்த டைனோசரை எடுத்துவிட்டு அங்கே ஒரு முயலை வைத்துப் பாருங்கள். கதை அப்படியே நகர்ந்தால், டைனோசர் வெறும் வேஷம், வாங்க வேண்டாம். நீளக் கழுத்துக்காரக் குட்டியால் கண்ணாமூச்சியில் ஒளியவே முடியவில்லை என்றோ, குட்டைக் கைக்காரனுக்கு முதுகு அரிக்கிறது என்றோ கதை தொடங்கினால், அந்த உடம்பிலிருந்தே கதை பிறக்கிறது. சட்டை போட்டிருந்தாலும் பரவாயில்லை, அந்தக் கழுத்தையும் கையையும் உங்கள் மகள் மறக்கமாட்டாள். கதை ஓடும்போது மட்டும் தயவுசெய்து குறுக்கே திருத்தாதீர்கள். முடிந்த பிறகு, விளையாட்டாக, “இதுல எலும்பு சொன்னது எது?” என்று கேட்டால் போதும்.

நீளப் பெயர்களைச் சுருக்காமல் வாசியுங்கள். அந்தப் பெயர்களை வாயில் உருட்டுவதில் பிள்ளைகளுக்கு இருக்கும் ஆனந்தமே தனி. கூடவே பொருளையும் சொல்லுங்கள். ஸ்டெகோசாரஸ் என்றால் ‘கூரைப் பல்லி’. 1877-இல் பெயர் வைத்த மார்ஷ், அந்தத் தகடுகள் கூரை ஓடுகளைப்போல முதுகின் மேல் படுத்திருந்தன என்று நினைத்தார். தகடுகள் எழுந்து நின்றுவிட்டன, பெயர் அப்படியே தங்கிவிட்டது. ட்ரைசெராடாப்ஸ் என்றால் மூன்று கொம்பு முகம் என்று சொன்னதும் ஒரு சிறுமி அதற்கு ‘முக்கொம்பன்’ என்று பெயர் சூட்டினாள். அதைவிட நல்ல மொழிபெயர்ப்பை நான் பார்த்ததில்லை.

எல்லாம் செத்துப்போயின என்ற பக்கத்தில் அவள் வாடிப்போனால் பூசி மெழுக வேண்டாம். ஒரு பெரிய விண்கல் விழுந்தது, பல உயிர்கள் பிழைக்கவில்லை, பறவைகளாக இருந்த டைனோசர்களில் சில பிழைத்தன என்று உள்ளதைச் சொல்லுங்கள். பிறகு ஒரு பறவையின் காலை, அந்தச் செதில்களை, உற்றுப் பார்க்கச் சொல்லுங்கள்.

இந்த வாரமே ஒன்று செய்து பாருங்கள். சதையும் தோலும் இல்லாத வெறும் எலும்புக்கூட்டுப் படம் ஒன்றை இரண்டு பிரதி எடுத்து, ஒன்றை மகளிடமும் இன்னொன்றைக் கணவரிடமும் வண்ணப் பென்சில்களோடு கொடுங்கள். தோல், நிறம், இறகு, தொப்பை எல்லாம் அவரவர் விருப்பம். முடித்ததும் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஏன் இந்த நிறம், ஏன் இங்கே இறகு என்று மகளை அப்பாவிடம் கேட்கச் சொல்லுங்கள்.