கண்டலில 2 வகைதான் வந்ததெண்டா பிழை இல்ல

தங்கச்சி, உங்கட ஏ.எல் பயோ புரொஜெக்ட்டுக்கு நிலாவெளிப் பக்கப் பத்தைக்காட்டில 14 செடி வகை வந்திச்சு, உப்புத்தண்ணிச் சேறில நிக்கிற கண்டல் காட்டில 2 தான், எண்ணினது பிழையோ எண்டு கேட்டிருந்தீங்கள். பிழை இல்லம்மா. உப்புத்தண்ணியையும் காத்துப் போகாத சேறையும் தாங்கிற மரம் கொஞ்சம்தான், இலங்கை முழுக்கத் தேடினாலும் உண்மையான கண்டல் மரம் ஏறத்தாழ 20 வகைதான் வரும், ஆனா சிங்கராஜா மழைக்காட்டில வருசம் முழுக்க மழை, அங்க மரவகை குவிஞ்சு கிடக்கு, அதில பாதிக்கு மேல வேற நாட்டில இல்லாதது.

அதுக்காக கண்டலில உயிர் குறைவு எண்டு மட்டும் எழுதிடாதீங்கோ, எனக்கு மனசு கேக்காது. ஒரு வேருக்குக் கிட்டக் குந்தியிருந்து பாருங்கோ, மட்டி ஒட்டியிருக்கும், அடியில நண்டு வளை, வேருக்கிடையில கண்ணாடி மாதிரி றால் குஞ்சு. செடிய மட்டும் எண்ணினா நிலாவெளிக் கடலில இருக்கிற புறாத்தீவு முருகைக்கல்லுக்கும் ஒண்டும் வராது, ஆனா அங்க ஏறத்தாழ 300 வகை மீன் பதிவாகியிருக்கு.

அதால விலங்குக்குத் தனி நிரல் போடுங்கோ. ரெண்டு இடத்திலயும் எண்ணுறதுக்கு நிலத்தில வைக்கிற சதுரம் ஒரே அளவா, ஒரே எண்ணிக்கையா, குறைஞ்சது 10 வையுங்கோ. வகை எத்தின எண்டதோட ஒவ்வொண்டும் எத்தின நிக்குது எண்டும் எழுதினாத்தான் சிம்சன் சுட்டி (வகைப் பன்மையை அளக்கிற எண்) கணக்குப் போடலாம். கண்டலுக்கு விடியவே போங்கோ, சப்பாத்து சேறில புதையும், ஆரையும் கூட்டிக்கொண்டு போங்கோ.