பூம்புகார் நெசமாவே கடலுக்குள்ள போச்சா? கேட்டதுக்கெல்லாம் பதில்

அண்ணா, புகார்னு ஒரு ஊரு இருந்துச்சா, இல்ல எல்லாம் காப்பியக் கற்பனையா?
இருந்துச்சு தம்பி. 1960கள்ல பூம்புகார் பக்கத்துல இருக்குற கீழையூர்ல தோண்டுனப்ப செங்கல் படகுத்துறையே கெடச்சுது, படகு கட்ட நட்ட மரக்கம்பத்தோட. அந்தக் கட்டைய கார்பன் டேட்டிங் பண்ணுனதுல கி.மு. 3ஆம் நூற்றாண்டை ஒட்டி வருது. பக்கத்துல பல்லவனீச்சரத்துல புத்த விகாரம், புத்தர் பாதம் செதுக்குன கல்லு எல்லாம் வந்துச்சு.

கண்ணகி வீடு எங்க இருந்துச்சு?
கண்ணகி, கோவலன் பேர் சொல்ற சான்று எதுவும் அங்க மண்ணுல கெடைக்கல. ஊர் வேற, கதை வேற.

கடலுக்கடியில 11,000 வருஷ நகரம் கண்டுபிடிச்சாச்சாமே?
கோவாவுல இருக்குற தேசியக் கடலியல் நிறுவனம் 1990கள்ல முழுகிப் பார்த்தப்ப, கரையிலேர்ந்து சுமார் 5 கிலோமீட்டர்ல, 23 மீட்டர் ஆழத்துல லாடம் மாதிரி வளைஞ்ச ஒரு அமைப்பு இருந்துச்சு, அது நெசம். ஆனா 11,000ங்கறது அந்தக் கல்லச் சோதிச்சு வந்த நம்பர் இல்ல, பனியுகம் முடிஞ்சு கடல் ஏறுன கணக்க வெச்சு அந்த எடம் எப்ப தரையா இருந்திருக்கும்னு போட்டது. எடத்தோட வயசு கட்டடத்தோட வயசு ஆகாது, மொதல்ல அது மனுஷன் கட்டுனதான்னே முடிவாகல.

தமிழன் பெருமைன்னா மட்டும் ஆதாரம் கேப்பீங்க. மறைக்கறாங்க சார்!
அந்த ஆழத்த அளந்து வெளிய சொன்னதே அந்த நிறுவனந்தான், இதுல மறைக்க என்ன இருக்கு? எனக்கும் இது என் ஊர்ப் பெருமைதாங்க. கடல் வழியா குதிரை வந்து எறங்குனத பட்டினப்பாலை பாடுது, கிரேக்கப் புவியியலாளர் தாலமி இந்த ஊர கபேரிஸ்னு எழுதி வெச்சிருக்கார். இவ்ளோ உறுதியான சங்கதி கையில இருக்கப்ப ஆட்டங்காணுற நம்பர எதுக்குப் புடிச்சுத் தொங்கணும்? நாளைக்கு அது பொய்னு ஆனா, கீழையூர்த் துறையையும் சேத்துல்ல சந்தேகப்படுவான்.

11,000 வருஷம் உண்மையா?
மேல சொல்லிட்டேன், படிங்க.

ஒரே ராத்திரில சுனாமி முழுங்கிடுச்சுதானே?
இந்திர விழா எடுக்க மறந்ததால கடல் கொண்டுச்சுன்னு மணிமேகலை சொல்லுது. ஆனா 7ஆம் நூற்றாண்டுல சம்பந்தர் பல்லவனீச்சரம் கோயிலப் பாடுறப்பவும் இந்த ஊரப் பட்டினம்னுதான் பாடுறார், அப்போ ஊர் மொத்தமா போயிடல. அலை அடிக்கற எடத்துலயே சுடுமண் வளையம் அடுக்கிக் கட்டுன உறைகிணறு கெடச்சிருக்கு. குடிதண்ணிக் கிணற யாரும் அலைக்குள்ள எறக்க மாட்டாங்க, கரை அப்ப தள்ளி இருந்திருக்கு. கடல் கொஞ்சங்கொஞ்சமா எப்படி அரிக்கும்னு தரங்கம்பாடில பாருங்க, 1306ல கட்டுன மாசிலாமணிநாதர் கோயில் முன்பக்கத்த அலை தின்னுடுச்சு.

அப்போ குமரிக்கண்டம்?
அது நிலவியல்காரங்க கிட்ட கேளுங்க.

சார், அந்த 11,000...
மேல பாருங்க!

குடும்பத்தோட போறோம், என்ன பார்க்கலாம்?
மொதல்ல கீழையூர் படகுத்துறைக்குப் போங்கக்கா. வழியில பானை ஓடு கெடந்தா பிள்ளைங்க எடுத்துப் பையில போட விடாதீங்க, கெடந்த எடத்துலயே போட்டோ எடுத்துட்டு தொல்லியல் துறைக்குச் சொல்லுங்க.