பென்டிமென்ட்: யாரைக் கைகாட்டுவது? (கடிதமும் பதிலும்)

அன்புள்ள ஐயா,

பதினாறாம் நூற்றாண்டு ஜெர்மானிய நிலத்தில் நடக்கும் பென்டிமென்ட் என்ற வீடியோ கேமை விளையாட ஆரம்பித்து முதல் பாகத்தை முடித்துவிட்டேன். முடித்த நேரத்திலிருந்து ஒரே குடைச்சல். மடத்தில் ஒரு கொலை, சந்தேகத்துக்குரியவர்கள் நான்கு பேர். அதில் இருவரைத்தான் உருப்படியாக விசாரிக்க முடிந்தது. அதற்குள் தீர்ப்புச் சொல்லும் திருச்சபை அதிகாரியான ஆர்ச்டீக்கன் வந்து இறங்கிவிட்டார். கையில் இருந்ததை வைத்து ஒருவரைக் கைகாட்டினேன், அவர் உயிர் போய்விட்டது. நான் சொன்னது சரியா தப்பா என்று விளையாட்டு வாயே திறக்கவில்லை. முதலிலிருந்து மறுபடி ஆடுவதா?

இன்னொன்று. பாத்திரத்தைச் சட்டம் படித்தவனாக அமைத்தேன். சட்ட ஆப்ஷன் வந்த இடத்திலெல்லாம் அதையே அழுத்தினேன். ஆனாலும் முக்கியமான இடங்களில் ஒருவரையும் பேசி இணங்கவைக்க முடியவில்லை. ஏன்? இவ்வளவு அரைகுறை ஆதாரத்தில் அந்தக் காலத்தில் நிஜமாகவே ஆளைக் கொன்றார்களா? கடைசியாக, அந்தக் கையெழுத்து எழுத்துரு கண்ணை வலிக்க வைக்கிறது. வழி உண்டா?

அன்புடன்,
கே.

அன்புள்ள கே.,

மறுபடி ஆட வேண்டாம். முதல் பாகத்தில் சாகும் பிரபு லோரென்ஸைக் கொன்றது யார் என்று இந்த விளையாட்டு எங்கேயும் உறுதி செய்வதில்லை. 1525-இல் நடக்கும் இரண்டாவது கொலைக்கும் அதே கதைதான். பின்னாலிருந்து தூண்டிவிட்டது யார் என்பது இறுதியில் தெரியவரும். கொலை செய்த கை யாருடையது என்பது கடைசிவரை திறந்தே கிடக்கும். வாக்த்ரூ (படிப்படியான வழிகாட்டி) எழுதியவர்கள்கூட "இவர்மேல் ஆதாரம் வலுவாக இருக்கிறது" என்று சொல்லலாமே தவிர, "இவர்தான்" என்று சொல்ல முடியாது. இதை இயக்கிய ஜாஷ் சாயர் வரலாறு படித்தவர். துப்பறியும் கதை என்று பெயர் வைத்துக்கொண்டு விடையை மறைப்பது சிலருக்கு ஏமாற்று வேலையாகத் தோன்றும். எனக்கு இந்த விளையாட்டின் முதுகெலும்பே அதுதான். சரியான விடை ஒன்று ஒளிந்திருந்தால் நீங்கள் செய்வது புதிர் அவிழ்ப்பது. விடையே இல்லாதபோது, ஓர் ஊரில் யாரைச் சாகக் கொடுப்பது என்று முடிவெடுக்கிறீர்கள். மேசன் சாகலாமா, மடத்துத் துணைத் தலைவர் சாகலாமா, வீட்டை இழக்கப்போகும் விதவை சாகலாமா என்பதெல்லாம் அப்போது வேறு வேறு கேள்விகள். அந்த முடிவோடுதான் மீதி இரண்டு பாகங்களையும் ஆட வேண்டும்.

நான்கு பேரையும் முழுக்க விசாரிக்க நேரம் கொடுக்கப்படவே இல்லை. எனவே இருவரோடு நின்றது உங்கள் தோல்வி ஆகாது. ஆனால் அந்த இருவரிடமும் கூடுதலாக எடுத்திருக்க முடியும். கடிகாரம் எப்படி ஓடுகிறது என்பதைக் கவனியுங்கள். மடத்தின் ஜெபவேளைகள்தான் இங்கே மணி. நடப்பதாலும் சும்மா பேசுவதாலும் அது நகராது. சாப்பாட்டு நேரமும், பெரிய விசாரணை வேலைகளும்தான் அதைத் தள்ளும். பலர் ஒரு வேளை தொடங்கியதும் கண்ணில் பட்ட முதல் வேலையில் இறங்கிவிடுகிறார்கள். பொழுது நகர்ந்தபின், அந்த வேளையில் மட்டும் பேசக் கிடைத்த ஆட்கள் போய்விடுகிறார்கள். தலைகீழாகச் செய்யுங்கள். வேளை பிறந்ததும் ஊரையும் மடத்தையும் ஒரு முழுச் சுற்று வாருங்கள், வாசலில் நிற்கிற எல்லோரிடமும் பேசுங்கள். பேச்சு தீர்ந்தபின் குறிப்பேட்டைத் திறந்து, எந்தெந்த வேலைகள் திறந்திருக்கின்றன என்று பார்த்து, ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். ஒன்றை எடுத்தால் இன்னொன்று மூடிப்போகும் என்ற கணக்கோடு எடுங்கள்.

சாப்பாட்டை இடைவேளையாக நினைத்துவிடாதீர்கள். யார் வீட்டு மேசையில் உட்காருகிறீர்களோ அவர்களிடமிருந்து மட்டும்தான் அந்த வேளையின் செய்தி. ஆகவே பசிக்கிற நேரத்தில் பழகிய வீட்டுக்கே போவது வீண். உங்கள் சந்தேக நபரோடு பகையோ உறவோ உள்ள வீடு எது என்று பார்த்துப் போங்கள். தட்டில் என்ன வைக்கிறார்கள் என்பதையும் பாருங்கள். ஏழைக் குடியானவர் வீட்டுக்கும் மடத்துக்கும் உள்ள தூரத்தை அந்தத் தட்டுகள் சொல்லிவிடும். இரண்டாம் பாகத்தில் ஊர் ஏன் கொதிக்கிறது என்பதற்கு வேறு விளக்கமே வேண்டாம்.

இனி ஒருவரைப் பேசி இணங்கவைக்கும் சோதனை. இங்கே பகடை கிடையாது. கடைசி நொடியில் நீங்கள் அழுத்தும் வாக்கியம் பெரிய விஷயமும் இல்லை. முன்பே அந்த நபரிடம், அல்லது அவருக்கு வேண்டியவரிடம், நீங்கள் சொன்னதும் செய்ததும் கூட்டலும் கழித்தலுமாகச் சேர்ந்திருக்கும். சோதனை முடிந்ததும் எது உதவியது, எது கெடுத்தது என்ற பட்டியல் திரையில் வரும். அதை அவசரமாகத் தட்டிவிடாமல் படியுங்கள், உங்கள் கேள்விக்கு விடை பெரும்பாலும் அதிலேயே இருக்கும். பேச்சின் நடுவே "இது நினைவில் வைக்கப்படும்" என்ற பொருளில் ஓர் அறிவிப்பு வந்தால், கணக்கில் ஒரு வரி ஏறிவிட்டது என்று அர்த்தம். சோதனைக்குச் சற்று முன்னாலிருந்து மறுபடி தொடங்குவதிலும் பயன் இல்லை. கணக்கு அதற்கு முன்பே எழுதப்பட்டிருக்கும்.

நீங்கள் தவறியது சட்ட ஆப்ஷனில்தான் என்று ஊகிக்கிறேன். ஒரு பதிலின் பக்கத்தில் உங்கள் படிப்பின் பெயர் தெரிந்தால் "அந்திரேயாஸுக்கு (நீங்கள் ஆடும் ஓவியப் பாத்திரத்துக்கு) இது தெரியும்" என்று மட்டும்தான் பொருள். "இதைச் சொன்னால் நல்லது" என்று பொருளே இல்லை. மற்ற ரோல் பிளேயிங் விளையாட்டுகளில் ஸ்கில் ஆப்ஷன் என்றாலே லாபம், அந்தப் பழக்கம் இங்கே காலை வாரும். வரியால் நொந்த குடியானவரிடம் பேரரசுச் சட்டம் பேசினால் அவருக்கு நீங்கள் இன்னொரு அதிகாரி. மடத்துக்காரர்களிடம் புத்திசாலித்தனத்தைக் காட்டினால் அடக்கம் இல்லாத கைவினைஞன். அதே சட்ட அறிவு ஆர்ச்டீக்கன் போன்றவர்முன் எடுபடலாம். எதிரே இருப்பவர் எதற்குப் பயப்படுகிறார், எதை மதிக்கிறார் என்று பார்த்துவிட்டு, தெரிந்ததைச் சொல்லாமல் விடுவதும் ஒரு நகர்வு. என்றாவது வேறொரு முறை ஆடினால் லத்தீன் தெரிந்தவனாக அமைத்துப் பாருங்கள். எழுத்துக்கூடம், நூலகம், துறவிகளின் பேச்சு எல்லாம் வேறு முகம் காட்டும். எந்தப் படிப்பை எடுத்தாலும் சில கதவுகள் மூடித்தான் இருக்கும். எல்லாம் திறக்கிற சேர்க்கை என்று ஒன்றைத் தேடாதீர்கள்.

ஆதாரத்தைப் பற்றி நீங்கள் கேட்டது நல்ல கேள்வி. ரோமானிய, திருச்சபைச் சட்ட மரபில் மரண தண்டனைக்கு 'முழுச் சான்று' வேண்டும். குற்றவாளியே ஒப்புக்கொள்ள வேண்டும், அல்லது நம்பத்தக்க இரண்டு பேர் நேரில் பார்த்திருக்க வேண்டும். ஆயுதம், பகை, கறை படிந்த துணி, ஓடிப்போனது எல்லாம் வெறும் அறிகுறிகள். அறிகுறிகள் எத்தனை குவிந்தாலும் தண்டிக்கப் போதாது. ஆனால் சித்திரவதை செய்து ஒப்புதல் வாங்கப் போதும். கொடுமையே இந்த இடத்தில்தான் இருக்கிறது: சான்று கடுமையாக இருக்கட்டும் என்று வைத்த விதியே சித்திரவதைக்கு வாசல் திறந்துவிட்டது. ஜெர்மானிய நிலத்தில் இதை ஒழுங்குபடுத்தியவற்றில் 1507-இன் பாம்பெர்க் சட்டம் ஒன்று. அதை முன்மாதிரியாகக் கொண்டு புனித ரோமானியப் பேரரசர் ஐந்தாம் சார்லஸ் காலத்தில், 1532-இல், பேரரசு முழுமைக்குமான கரோலினா சட்டம் வந்தது. முதல் பாகம் நடக்கும் 1518 இவ்விரண்டுக்கும் நடுவில் வருகிறது. அந்த அளவுகோலை வைத்தால், நீங்கள் சேர்த்த எதுவும், நான்கு பேரில் எவர்மீதும், முழுச் சான்று ஆகாது. ஆர்ச்டீக்கன் விதியைச் சுருக்கிவிட்டு முடிக்கிறார். மடத்துக்கு அவசரம், பிரபு குடும்பத்துக்குப் பதில் சொல்ல வேண்டும், ஒரு தலை தேவை. உங்களுக்கு அரைகுறை என்று பட்டது கதையின் ஓட்டை கிடையாது, கதை மாந்தர்களில் சிலருக்கும் அப்படித்தான் படுகிறது.

வரலாற்றை வளைத்த இடங்களும் உண்டு. ஆண் துறவிகளும் பெண் துறவிகளும் ஒரே மடத்தில் இருப்பது அக்காலத்தில் அபூர்வம். அச்சு வந்து அறுபது ஆண்டுக்கு மேல் ஆனபின் கையால் நூல் எழுதி ஓவியம் தீட்டும் கூடமும் பழங்கதைதான், கதையே அதை ஒத்துக்கொள்கிறது. இன்னும் பெரிய வளைவு இரண்டாம் பாகத்தில். 1525 விவசாயிகள் போர் ஸ்வாபியா, ஃபிராங்கோனியா, துரிங்கியா, அல்சாஸ் பகுதிகளில்தான் மூண்டு எரிந்தது. கதை நடக்கும் பவேரியா பெருமளவு தப்பித்தது. கதை நடக்கும் டாஸிங் கற்பனை ஊர் என்பதால் இதைப் பொறுக்கலாம். கோரிக்கைகள் மட்டும் நிஜத்தோடு ஒட்டியவை. அந்த ஆண்டு மெம்மிங்கெனில் எழுதப்பட்ட பன்னிரண்டு கோரிக்கைகளில் காட்டு விறகு, வேட்டை, மீன்பிடிப்பு, தசமபாகம் (விளைச்சலில் பத்தில் ஒரு பங்கு வரி), குடும்பத் தலைவர் செத்தால் கட்டும் வரி எல்லாம் வரும். டாஸிங்கில் விறகைப் பற்றி யாராவது புலம்பினால் தள்ளிவிட்டுப் போகாதீர்கள்.

எழுத்துருவுக்கு வழி உண்டு. செட்டிங்ஸில் அணுகல் வசதிப் பகுதியில் எளிதாகப் படிக்கும் எழுத்துரு என்ற தேர்வைப் போட்டால் கண் தப்பிக்கும். கொஞ்சம் பொறுக்க முடிந்தால் இரண்டாம் பாகத்தின் முதல் ஒரு மணிநேரமாவது பழைய எழுத்திலேயே ஆடிப் பாருங்கள். லெட்டர்மேட்டிக் என்ற எழுத்துரு நிறுவனம் செய்தவை இவை. குடியானவருக்கு ஒரு கையெழுத்து, துறவிக்கு ஒரு கையெழுத்து, பழைய கிரேக்க, லத்தீன் நூல்களைக் கற்ற மனிதவியல் அறிஞருக்கு வேறு கையெழுத்து. அச்சகக்காரர் பேசினால் அச்செழுத்துக் கோத்து அழுத்தியதுபோல் வரும். ஆளைப் பாமரர் என்று அந்திரேயாஸ் நினைத்திருக்க, அவர் படித்தவர் என்று தெரிந்தால் எழுத்து கண்முன் மாறும். அதாவது எழுத்து காட்டுவது அந்த ஆளை அல்ல, அவரைப் பற்றி அந்திரேயாஸ் எடுத்த கணிப்பை. விசாரணைக்கு இதுவும் ஒரு தடயம். எளிய எழுத்துருவில் இது அவ்வளவு பளிச்சென்று தெரியாமல் போகலாம். கடவுளின் பெயர் மட்டும் இடம்விட்டு, பின்பு சிவப்பு மையில் நிரப்பப்படுவதும் அந்தக் கால எழுத்தர்களை நினைவூட்டும் நேர்த்தி.

இரண்டாம் பாகத்துக்குள் போகும் முன் குறிப்பேட்டில் ஆட்களின் பக்கத்தை ஒருமுறை புரட்டிவிடுங்கள். ஏழு ஆண்டு தாண்டுகிறது. சிறுபிள்ளைகள் வளர்ந்திருப்பார்கள், சிலர் மணமாகியிருப்பார்கள், சிலர் இருக்கமாட்டார்கள். யார் யாருக்கு உறவு என்று தெரியாமல் சாப்பிட உட்கார்ந்தால் முதல் வேளையிலேயே தவறான வீட்டில் இருப்பீர்கள். நீங்கள் கைகாட்டியவரின் சொந்தக்காரர்கள் யார் என்பதை முதலில் பார்த்துக்கொள்ளுங்கள்.