வங்கி ஏலத்தில் வாங்கிய வீட்டை நம் பெயருக்கு எப்படிப் பதிவது?

கும்பகோணத்தில் ஒரு வீட்டை வங்கி ஏலத்தில் எடுத்தால் கிரயப்பத்திரம் கிடைக்காது. முழுத் தொகையையும் செலுத்திய பின் வங்கியின் அதிகாரம் பெற்ற அலுவலர் தரும் விற்பனைச் சான்றிதழே உங்கள் உரிமை ஆவணம். கடனைத் திருப்பாதவரின் சொத்தை நீதிமன்றம் செல்லாமலே விற்கும் அதிகாரத்தை 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டம் வங்கிக்குத் தந்திருப்பதால், பழைய உரிமையாளர் கையெழுத்திட வேண்டியதில்லை. அடகு நகை ஏலத்துக்குப் போகும்போது, வைத்தவரை அழைத்துக் கையெழுத்தா வாங்குகிறார்கள்?

இந்தச் சான்றிதழுக்குக் கட்டாயப் பதிவு தேவையில்லை என்பதே உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடு. அதன் நகலை அலுவலர் சார்பதிவாளருக்கு அனுப்பினால், 1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் 89(4) பிரிவின்படி அது 1ஆம் புத்தகத்தில், அதாவது அசையாச் சொத்து ஆவணங்களுக்கான பதிவேட்டில், கோர்க்கப்படும்; அதன் பிறகே வில்லங்கச் சான்றில் உங்கள் பெயர் தெரியும். மூலச் சான்றிதழை நீங்களே கொண்டுபோய்ப் பதிவு செய்தால் முத்திரைத் தீர்வை செலுத்த வேண்டியிருக்கும். எப்படியானாலும், நகல் அனுப்பப்பட்டதா என்று வங்கியிடம் எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். பலர் கோட்டை விடுவது இங்கேதான்.

பட்டா தனி வேலை. கல்லணையில் தண்ணீர் திறந்த அன்றே கடைமடை வயல் நனைந்துவிடுவதில்லை. அதுபோல, சான்றிதழ் வந்தாலும் வட்டாட்சியர் அலுவலகத்தில் பட்டா மாற்றத்துக்கு விண்ணப்பித்தாக வேண்டும்.

வங்கியே விற்பதால் வில்லங்கமே இராது என்று பலர் நம்புகிறார்கள். ஆனால் 'உள்ளது உள்ளபடி' என்ற நிபந்தனையில் ஏலம் விடப்படும் வீட்டில் வரிப் பாக்கியும், காலி செய்யாத குடியிருப்பவரும் உங்கள் பொறுப்பாகவே வந்து சேரக்கூடும்.