அணுசக்தி நீர்மூழ்கிக் கப்பல் மாதக்கணக்கில் மேலே வராமல் எப்படி இருக்கிறது?

அணு உலையின் வெப்பத்தில் நீராவி உண்டாக்கி, அதன் விசையில் ஓடும் நீர்மூழ்கி இது. டீசல் எஞ்சினுக்குக் காற்று வேண்டும். அதனால் பழைய நீர்மூழ்கிகள் அடிக்கடி மேலே வந்தாக வேண்டும். காற்றுப் புகாத அறையில் விறகடுப்பு அணைந்துவிடும், கரண்ட் அடுப்பு அணையாது இல்லையா, அந்த வித்தியாசம்தான்.

அமெரிக்காவின் நாட்டிலஸ் 1955-இல் முதன்முதலாக அணுசக்தியில் ஓடியது. 1958-இல் பனிக்கு அடியிலேயே வட துருவத்தைத் தொட்டது.

ஆக்சிஜனைத் தண்ணீரைப் பிரித்து எடுக்கிறார்கள், குடிநீரும் கடலிலிருந்துதான். அப்புறம் எதுதான் தீரும்? சாப்பாடு! கிளம்பும்போது நடைபாதைத் தரையில்கூட உணவு டப்பாக்களை அடுக்கி, அவற்றின் மேலேயே நடப்பார்கள். சில கப்பல்களில் மூன்று பேருக்கு இரண்டு படுக்கைதான். ஒருவர் எழுந்த சூட்டோடு அடுத்தவர் படுக்க வேண்டும். வெயிலே பார்க்காமல் இப்படி வாழ எவ்வளவு பொறுமை வேண்டும்!

'அணுசக்தி' என்பது எஞ்சினை மட்டுமே குறிக்கிறது. உள்ளே அணுகுண்டு இருக்கிறது என்று அர்த்தமில்லை.