செய்தி சேனல்களின் பாணியைக் கிண்டல் செய்யும் நிகழ்ச்சிகளால் யாருக்கு என்ன பயன்?

கேள்வி கேட்டவர் செய்தி சேனலுக்குள் வேலை பார்த்திருக்க மாட்டார் என்று நினைக்கிறேன். நான் ஏழு வருடம் பார்த்தேன், சென்னையில் ஒரு தமிழ் சேனலில், வீடியோ எடிட்டராக.

2015 டிசம்பர் மழை. மடிப்பாக்கத்தில் ஒரு தெருவில் இடுப்பளவு தண்ணீர் நிற்கும் விஷுவல் காலையில் வந்தது, மறுநாள் இரவு வரை அதையேதான் லூப்பில் ஓட்டினோம். மூலையில் 'நேரலை' என்று போடச் சொன்னார்கள், போட்டேன். பதினொரு மணிக்கு துபாயிலிருந்து சித்தி போன். "டேய், திவ்யா போனை எடுக்கலடா, அவ தெருவைத்தான் லைவ்ல காட்டுறாங்க" என்று ஒரே அழுகை. அந்தத் தெருவில் சாயங்காலமே தண்ணீர் வடிந்துவிட்டது. கரண்ட் இல்லாமல் திவ்யாவின் போன் அணைந்து கிடந்தது, அவ்வளவுதான். அந்த 'நேரலை'யைப் போட்டது நான்தான் என்று சித்தியிடம் இன்றுவரை சொல்லவில்லை.

அதற்கு அப்புறம்தான் பிபிசி 2-ல் 1994-ல் வந்த, செய்தி சேனல்களைக் கிண்டல் செய்யும் 'தி டே டுடே' நிகழ்ச்சியைப் பார்த்தேன். மொத்தமே ஆறு எபிசோடு. கிறிஸ் மோரிஸ் செய்தி வாசிப்பவராக வருவார். ஐந்தாவதில், வணிக ஒப்பந்தம் செய்துகொண்ட ஆஸ்திரேலியாவையும் ஹாங்காங்கையும் பேட்டியிலேயே கிளறிக் கிளறி போர் மூட்டிவிடுகிறார், அடுத்த நொடி போருக்கென்றே தனி இசை, தனி கிராபிக்ஸ். எல்லாரும் சிரிக்கும் அந்த இடத்தில் எனக்கு வயிற்றைப் பிசைந்தது. 2010-ல் சார்லி புரூக்கர், செய்திகளைக் கிண்டலடிக்கும் தன் 'நியூஸ்வைப்' நிகழ்ச்சியில் ஒரு செய்தித் தொகுப்பையே செய்து காட்டினார்: கேமராவை நோக்கி நடந்துகொண்டே பேச்சு, தெருவில் போகிறவர்களிடம் கருத்து, உள்ளே செய்தி என்று ஒன்றுமே கிடையாது, ஆனாலும் அச்சு அசல் செய்தி மாதிரியே இருக்கும். அதே வரிசையில் நானே எத்தனையோ வெட்டி ஒட்டியிருக்கிறேன். இதையெல்லாம் சித்தி முன்னாலேயே பார்த்திருந்தால், அன்று ராத்திரி அந்த ஒரு வார்த்தையை நம்பி அப்படி அழுதிருக்க மாட்டார். பயன் என்று நான் சொல்வது இதைத்தான்.

நிருபர்களைக் கேவலப்படுத்துகிறேன் என்று உடனே சண்டைக்கு வராதீர்கள். அந்தத் தண்ணீரில் நாள் முழுக்க நின்றவர்கள் என் நண்பர்கள். நாங்களும் நான்கு ராத்திரி ஆபீஸ் தரையில்தான் படுத்தோம். கூடுதல் நேரத்துக்கு ஒரு ரூபாய் கொடுக்கவில்லை, கேட்டவனை ஷிஃப்ட் மாற்றினார்கள். அதை எந்த ஸ்க்ரோலிலும் ஓட்டவில்லை.

சரி, பார்க்க நினைத்தால் அந்த ஐந்தாவது எபிசோடில் ஆரம்பியுங்கள்.