இரண்டு நிமிடத் தள்ளுபடி

கேள்வி: எங்கள் நில வழக்கின் அப்பீலை உச்ச நீதிமன்றம் இரண்டே நிமிடத்தில் தள்ளுபடி செய்துவிட்டது. வழக்குக் கட்டைப் பிரித்தாவது பார்த்திருப்பார்களா? உயர் நீதிமன்றத் தீர்ப்பு சரி என்று இதற்கு அர்த்தமா?

பதில்: பார்த்திருப்பார்கள். கட்டுகள் முன்கூட்டியே நீதிபதிகளிடம் போய்விடும், அவர்கள் படித்து ஒரு முடிவோடுதான் வந்து உட்காருகிறார்கள். நீங்கள் அப்பீல் என்று நினைத்துக்கொண்டிருப்பது பெரும்பாலும் அப்பீலே அல்ல, "அப்பீல் செய்ய அனுமதி கொடுங்கள்" என்று கேட்கும் சிறப்பு அனுமதி மனு. அரசியல் சாசனம் 136-வது பிரிவு. அனுமதி தருவதும் தராததும் அவர்கள் விருப்பம், நமக்கு உரிமை கிடையாது.

இந்த மனுக்கள் வரும் நாளில் ஒரே அமர்வுக்கு, அதாவது சேர்ந்து உட்கார்ந்து கேட்கும் நீதிபதிகள் குழுவுக்கு, ஐம்பது அறுபது வழக்குகள் இருப்பது சகஜம். வராந்தாவில் வக்கீல்கள் திரையில் ஓடும் வரிசை எண்ணைப் பார்த்துக்கொண்டே ஒரு கோர்ட்டிலிருந்து இன்னொரு கோர்ட்டுக்கு ஓடுவார்கள். எண் வந்ததும் எழுந்து நின்று குடும்பக் கதையை ஆரம்பித்தால் போச்சு, "இதில் சட்டப் பிரச்சினை என்ன?" என்று கேள்வி வரும். பதில் பிடித்திருந்தால் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ், இல்லாவிட்டால் தள்ளுபடி. காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று தெரிந்த வக்கீல், தள்ளுபடி என்ற வார்த்தை வருவதற்குள் மனுவைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன் என்று சொல்லிவிடுவார்.

இரண்டாவது கேள்விதான் முக்கியம். காரணம் சொல்லாமல் ஒரே வரியில் தள்ளினால், உயர் நீதிமன்றம் சொன்னதை உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது என்று ஆகாது. 2000-இல் குஞ்ஞயம்மது வழக்கில் உச்ச நீதிமன்றமே இதைத் தெளிவாக்கிவிட்டது. அதற்குப் பிறகும் உயர் நீதிமன்றத்தில் மறுசீராய்வு, அதாவது தன் தீர்ப்பையே மறுபடி பார்க்கும்படி, கேட்க வழி இருக்கிறது. கெடு, தாமதம் எல்லாம் பார்ப்பார்கள், அதனால் ஆர்டர் நகலோடு உடனே வக்கீலைப் பாருங்கள். ஆனால் "உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது" என்று பத்திரிகைகள் தலைப்பு போடுவதை மட்டும் யாராலும் நிறுத்த முடியவில்லை, எங்களையும் சேர்த்துத்தான்.

கேள்வி: அமெரிக்காவில் ஒன்பது பேரும் சேர்ந்து உட்காருகிறார்களே, இங்கே ஏன் அப்படி இல்லை?

பதில்: 1950-இல் தொடங்கும்போது மொத்தமே 8 நீதிபதிகள்தான். 2019-இல் அந்த எண்ணிக்கை 34 ஆனது. குவிகிற வழக்குக்கு எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்தால் என்ன ஆவது? இரண்டு பேர், மூன்று பேராகப் பிரிந்து கேட்கிறார்கள். அரசியல் சாசனத்துக்கு விளக்கம் சொல்ல வேண்டிய கனமான கேள்வி என்றால் குறைந்தது 5 பேர் வேண்டும். உச்சகட்டம் 1973-இன் கேசவானந்த பாரதி வழக்கு, அரசியல் சாசனத்தை நாடாளுமன்றம் எந்த அளவுக்குத் திருத்தலாம் என்ற கேள்வி: 13 பேர் கொண்ட அமர்வு, 68 நாள் விசாரணை, கடைசியில் 7-க்கு 6. சரி, எந்த வழக்கு எந்த அமர்வுக்கு என்று தீர்மானிப்பது யார்? தலைமை நீதிபதி. என்னைக் கேட்டால் அந்தப் பதவியின் நிஜமான பலமே அதில்தான் இருக்கிறது. 2018 ஜனவரியில் நான்கு மூத்த நீதிபதிகள் பத்திரிகையாளர்களைக் கூப்பிட்டுப் பொருமியதும் இதைப் பற்றித்தான்.

கேள்வி: இரண்டு நீதிபதிகள் ஆளுக்கொன்று சொன்னால் காசு சுண்டிப் போடுவார்களா?

பதில்: கட்டு தலைமை நீதிபதியிடம் போகும், அவர் வேறு அமர்வு அமைக்க வேண்டும். 2022-இல் கர்நாடகக் கல்வி நிலையங்களின் ஹிஜாப் தடை வழக்கில் அப்படித்தான் ஆனது.

கேள்வி: தோற்றுப்போன கருத்தை ஒரு நீதிபதி எதற்குப் பக்கம் பக்கமாக எழுத வேண்டும்?

பதில்: 1976-ஐப் பாருங்கள். நெருக்கடி நிலையில் கைதானவர் கோர்ட்டுக்கே வர முடியாது என்று ஐந்து நீதிபதிகளில் நான்கு பேர் சொன்னார்கள், எச்.ஆர். கன்னா ஒருவர் மட்டும் மறுத்து எழுதினார். அடுத்த வருடம் அவருக்கு இளையவரைத் தலைமை நீதிபதி ஆக்கினார்கள், கன்னா ராஜினாமா செய்துவிட்டுப் போனார். 2017-இல் அந்தரங்க உரிமை வழக்கில் 9 பேர் அமர்வு 1976 தீர்ப்பை ரத்து செய்தது. அந்த நால்வரில் ஒருவர் ஒய்.வி. சந்திரசூட். நால்வர் தீர்ப்பும் பெரும் பிழை என்று 2017-இல் எழுதிய டி.ஒய். சந்திரசூட் அவருடைய மகன்.